ராவிலே எட்டு மணி

எஸ்தர் அக்கா இறந்த செய்தி எங்கள் ஆபீஸ் வாட்ஸ்அப் குழுவில் வந்தது. அனுப்பியவர் முதலாளி. கம்பெனி முத்திரை போட்டு, மெழுகுவர்த்திப் படம் வைத்து, ‘எங்கள் குடும்பத்தின் மூத்த உறுப்பினர்’ என்று எழுதியிருந்தார். பத்தொன்பது வருடம் உழைத்தவரை ஒரே மாதத்தில் வீட்டுக்கு அனுப்பியது எந்தக் குடும்பத்து வழக்கமோ, எனக்குத் தெரியவில்லை. கீழே ஆளாளுக்குக் கைகூப்பிய பொம்மை போட்டார்கள். நானும் ஒன்று போட்டேன்.

நம் டிராவல்ஸ் தமிழர் சங்கத்து மலருக்கு அவரைப் பற்றி இரண்டு பக்கம் வேண்டும் என்றபோது, நான் எழுதுகிறேன் என்று கேட்டு வாங்கிக்கொண்டேன். திருவனந்தபுரத்தில் டிராவல்ஸ் தொழிலில் இருக்கும் தமிழர்களில் அவரைத் தெரியாதவர் கிடையாது. வெறும் எஸ்தர் என்றால் யோசிப்பீர்கள். ‘ராவிலே எஸ்தர்’ என்றால் உடனே சிரிப்பு வந்துவிடும். காலைக்குப் போட வேண்டிய சாப்பாட்டு மேசையை ராத்திரிக்குப் போட்டவர் என்று நீங்கள் வைத்த பெயர் அது. அந்தப் பெயரைப் பற்றித்தான் எழுதப் போகிறேன். நாலு நல்ல வார்த்தையோடு முடிந்துவிடும் என்று எதிர்பார்ப்பவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அவர் பார்த்த வேலையை முதலில் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் ஒரு பெரிய தீம் பார்க். அதற்குள் ஒரு கோட்டை, கோட்டைக்குள் ஓர் உணவகம். இளவரசி வேடம் போட்ட பெண்கள் ஒவ்வொரு மேசையாக வந்து பிள்ளைகளோடு நின்று படம் எடுத்துக்கொள்வார்கள். காலையிலும் உண்டு, ராத்திரியிலும் உண்டு. அங்கே உட்கார்ந்து சாப்பிட வேண்டுமானால் அறுபது நாளுக்கு முன்பே மேசை பதிய வேண்டும். அவர்கள் ஊரில் காலை ஆறு மணிக்குப் பதிவு திறக்கும். நமக்கு அது மாலை மூன்றரை. பத்து நிமிடத்தில் நல்ல மேசையெல்லாம் பறந்துவிடும். அக்கா மூன்று மணிக்கே கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கணினி முன்னால் உட்கார்ந்துவிடுவார். மதியச் சாப்பாடு நாலு மணிக்கு மேல்தான். பக்கத்தில் அந்தந்தக் குடும்பத்துக்கு ஒரு தாள் இருக்கும். யாருக்குச் சர்க்கரை, யார் முட்டை தொட மாட்டார், எந்தப் பிள்ளை எத்தனை மணிக்குத் தூங்கும், எல்லாம் அதில் இருக்கும். போய் இறங்கிய முதல் நாள் ஆறு மணிக்குமேல் யாருக்கும் மேசை போட மாட்டார். இங்கிருந்து போகிற பிள்ளைகள் சூப்புக் கிண்ணத்திலேயே தலையைக் கவிழ்த்து உறங்கிவிடும் என்பார்.

“கொட்டாரத்தெ நாளைக்கும் பாக்கலாம். பிள்ளைக்கு பசிச்சா பொறவு எந்தக் கொட்டாரமும் கண்ணுல தெரியாது, கேட்டியா?” இது அவர் அடிக்கடி சொல்வது. கொட்டாரம் என்றால் அரண்மனை. பாறசாலைப் பக்கத்துக்காரர், மலையாளம் கலக்காமல் அவருக்குப் பேச்சே வராது.

அந்தப் பூங்காவில் எந்த உணவகத்தின் எந்த ஜன்னல் ஓரம் உட்கார்ந்தால் வாணவேடிக்கை தெரியும் என்பது வரை சொல்வார். அவரிடம் பாஸ்போர்ட்டே கிடையாது. மேடம் எத்தனை தடவை அங்கே போயிருக்கிறீர்கள் என்று ஒரு வாடிக்கையாளர் கேட்டதற்கு, “தினமும் மூணரைக்கு போவேன், நாலு மணிக்கு திரும்பி வருவேன்” என்றார். பத்தொன்பது வருடத்தில் ஒரு முறைகூட அவரை அங்கே அனுப்ப வேண்டுமென்று எங்கள் முதலாளிக்குத் தோன்றவில்லை. ஆனால் முதலாளி மட்டும் குடும்பத்தோடு இரண்டு தடவை போய் வந்தார். இரண்டு தடவையும் மேசை போட்டது அக்காதான்.

நான் தென்காசிக்காரன். குற்றாலத்தில் ஓட்டல் வேலை பார்த்துவிட்டு, கல்யாணமான பிறகு இங்கே வந்தேன். ஆபீஸில் சேர்ந்து ஒரு மாதம்கூட ஆகாத சமயம். அக்கா உள்ளே மும்முரமாக இருந்தபோது சாலைக் கடைத்தெருவில் பாத்திரக்கடை வைத்திருக்கும் அண்ணாச்சி போன் செய்தார். நான் எடுத்தேன். “பேத்திக்கு பிறந்தநாளாக்கும். அன்னைக்கு ராவிலே எட்டு மணிக்கு கொட்டாரத்துல ஒரு டேபிள் போடணும். இளவரசிமாரு வந்து பிள்ளகூட நிக்கணும்” என்றார். நான் பிறந்தநாளைக் குறித்து, பக்கத்தில் ‘இரவு 8’ என்று எழுதினேன்.

மலையாளத்தில் ராவிலே என்றால் காலையில். எங்கள் ஊரில் ராவிலே என்றால் ராத்திரியில். அண்ணாச்சி மூன்று தலைமுறையாக இங்கே கடை நடத்தும் தமிழர். பேசியது முழுக்கத் தமிழ். நடுவில் அந்த ஒரு சொல் மட்டும் மலையாளம் என்று எனக்கு உறைக்கவில்லை. ஒரு மலையாளி பேசியிருந்தால் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டிருப்பேன், ஒன்றுக்கு இரண்டு தடவை கேட்டு எழுதியிருப்பேன். இதுவரை நடந்தது யாருக்கும் வரக்கூடிய தப்பு என்று என்னை மன்னிக்க நினைப்பவர்கள் அவசரப்பட வேண்டாம்.

அக்கா தாளைப் பார்த்ததுமே புருவத்தைத் தூக்கினார். “ராத்திரி எட்டா? ஆறு வயசுப் பிள்ள உறங்கிப் போகுமே. அண்ணாச்சிகிட்ட ஒருக்கா கூடி கேட்டியா?” என்றார். கேட்டேன் அக்கா, ரெண்டு தடவை கேட்டேன் என்றேன். நான் ஒரு தடவைகூடக் கேட்கவில்லை. புதிதாகச் சேர்ந்தவன், ஒரு போனைக்கூட ஒழுங்காக எடுக்கத் தெரியாதவன் என்று பெயர் வாங்கக் கூடாது என்பதற்காகச் சொன்ன பொய். அவர் நம்பினார். மூன்றரைக்குப் பதிவு திறந்ததும் ராத்திரி எட்டு மணிக்கு மேசை போட்டார். உறுதிக் கடிதம் அண்ணாச்சியின் மகனுக்குப் போனது. அவர் எட்டைப் பார்த்தார், எட்டுக்குப் பின்னால் இருந்த இரண்டு ஆங்கில எழுத்தைப் பார்க்கவில்லை.

அடுத்த வாரமே எனக்கு விஷயம் தெரிந்துவிட்டது. எங்கள் ஆபீஸ் இருக்கும் தம்பானூரில் டீக்கடைக்காரர், ராவிலே அஞ்சு மணிக்குக் கடை திறப்பேன் என்று சொன்னார். அண்ணாச்சி சொன்ன எட்டு மணி எது என்று அப்போதுதான் புரிந்தது. அப்போது அக்காவிடம் ஓடியிருந்தால் போதும். காலை மேசை தீர்ந்துதான் போயிருக்கும், ஆனால் அவர் தினமும் திறந்து பார்த்து, எவராவது கைவிடுகிற மேசையைப் பிடித்திருப்பார். ஐம்பது நாள் இருந்தது. சொன்னால் ரெண்டு தடவை கேட்டேன் என்றது பொய் என்று வெளிச்சமாகிவிடுமே. வாயை மூடிக்கொண்டேன்.

இடையில் ஆபீஸோடு பொன்முடிக்குப் போனோம். இருபத்திரண்டு பேர். சாப்பாட்டைப் பற்றி முதலாளி யோசிக்கவே இல்லை. ஊருக்கெல்லாம் பயணத் திட்டம் போடுகிற ஆபீஸ் நாங்கள். மலை இறங்கிக் கல்லாற்றுக்கு வந்தபோது, கடைகள் முன்னால் சுற்றுலாக்காரர்கள் இலைக்கு அடித்துக்கொண்டிருந்தார்கள். அக்கா மட்டும் நேராக ஒரு சின்னக் கடைக்குள் போனார். முந்தின நாளே போன் செய்து இருபத்திரண்டு ஊண் சொல்லிவைத்திருந்தார். ரோட்டோரக் கடைக்குமா ரிசர்வேஷன் என்று வண்டியில் கேலி பேசியவர்களெல்லாம் முதல் ஆளாக உட்கார்ந்தார்கள். முதலாளி மீன் வறுவலைப் பிய்த்துக்கொண்டே, இதுதான் நம்ம ஆபீஸ் பிளானிங் என்றார். ஒருவரும் அக்காவைத் திரும்பிப் பார்க்கவில்லை. சாப்பிட்டபின் அவரும் நானும் ஆற்றில் கை கழுவினோம். சுற்றி ஆளில்லை. அக்கா, ஒரு விஷயம் என்று ஆரம்பித்தேன். பப்படம் இன்னும் வேணுமா, வாங்கித் தரட்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

பிறந்தநாள் வந்தது. இளவரசி கவுன் போட்ட பேத்தியோடு அண்ணாச்சி குடும்பம் காலை எட்டு மணிக்குக் கோட்டை வாசலில் போய் நின்றது. பட்டியலில் பெயர் இல்லை. பிள்ளை தரையில் உட்கார்ந்து அழுத வீடியோ எங்கள் ஆபீஸுக்கு வந்தது. ராத்திரி எட்டுக்குத் திரும்பப் போக முடியவில்லை. அக்கா சொன்னபடியே பிள்ளை உறங்கிப் போயிருந்தது.

திரும்பி வந்ததும் அண்ணாச்சி ஆபீஸில் வந்து ஒரு ஆட்டம் ஆடினார். முதலாளி எங்கள் இருவரையும் உள்ளே கூப்பிட்டு, “ஆராணு இது செய்தது?” என்று மலையாளத்தில் கேட்டார். அக்கா என்னை ஒரு தடவை பார்த்தார். நான் சுவர்க் காலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். “ஞானாணு சாரே” என்றார் அக்கா, நான்தான் என்று. வாயில் கொழுக்கட்டையை அடைத்துக்கொண்டவன் மாதிரி நான் நின்றேன். அந்த மாதக் கடைசியோடு அவரைப் போகச் சொன்னார்கள். அவர் மேசையை எனக்குக் கொடுத்தார்கள். நான் வேண்டாம் என்று சொல்லவில்லை.

கடைசி நாள் பஸ் நிலையம் வரை கூடவே போனேன். ஏன் அக்கா இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டேன். “உனக்க பிள்ள பிறந்து மூணு மாசம்கூட ஆகல்ல. எனக்கு எங்க போனாலும் ஒரு சோலி கிடைக்கும் மக்கா” என்றார்.

கிடைக்கவில்லை. அதற்கு நீங்கள் பொறுப்பு. ஒரு வாரத்துக்குள் ‘ராவிலே எஸ்தர்’ தம்பானூர் முழுக்கச் சுற்றிவிட்டது. அவர் மூன்று ஆபீஸுக்குப் போனார். உங்களில் ஒருவர் நேர்முகத்தில் வைத்து, மேடம் ராவிலே வேலைக்கு வருவீங்களா ராத்திரி வருவீங்களா என்று கேட்டாராம். போனில் என்னிடம் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். அவர் சிரித்தார் என்பதால் எனக்கும் அன்றைக்குச் சாப்பாடு இறங்கியது. அந்தத் தாள்களை அவரைப் போலப் போட இந்த ஊரில் இன்றைக்கும் ஆள் கிடையாது, நான் உட்பட. அவர் நெய்யாற்றின்கரையில் ஒரு கல்யாண மண்டபத்தில் சாப்பாட்டு டோக்கன் கொடுக்கிற வேலையில் போய்ச் சேர்ந்தார். இரண்டு வருடம் அங்கே இருந்தார். முதலில் வாரம் ஒரு தடவை பேசினேன், பிறகு மாதம் ஒரு தடவை, பிறகு கிறிஸ்துமஸுக்கு ஒரு வாழ்த்து.

நெஞ்சுவலி வந்து, காலை ஆறு மணிக்கு இறந்துபோனார். அடக்கத்துக்கு நம் ஆட்கள் பத்துப் பதினைந்து பேர் வந்திருந்தோம். உள்ளே பாட்டு நடந்துகொண்டிருந்தது. சர்ச் வாசல் பந்தலில் ஒருவர் இன்னொருவர் காதில், “ராவிலே எஸ்தர் ராவிலேயே போயாச்சு” என்றார். கேட்டவர் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். தூரத்திலிருந்து பார்த்தால் அழுகிறார் என்றுதான் தோன்றும். சொன்னவர் யாரென்று எழுத மாட்டேன், அவருக்கே தெரியும். அவரைக் கேள்வி கேட்க எனக்கு ஏது வாய்?

நாலாம் நாள் அவர் வீட்டுக்குப் போனேன். அவர் கணவர் தங்கையன் அண்ணன் பஸ் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். எதிரில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன், ரெண்டு தடவை கேட்டேன் என்ற பொய், டீக்கடை, கல்லாறு, காலண்டர் எல்லாம். அவர் முகம் மாறவில்லை.

“ஆரு செய்தாண்ணு எத்தற தடவ கேட்டிருப்பேன். அவ சொல்லல்ல. அந்த ஆளு ஒருநாள் வந்து சொல்லும், அப்பம் அறிஞ்சுக்கிடுங்கன்னா. வண்டிச் சத்தம் கேட்டா எட்டிப் பாப்பா” என்றார். பிறகு என்னைப் பார்த்து, “வந்தாச்சு, இல்லியா?” என்றார்.

நான் அழுதேன். அவர் தேற்றவில்லை. ஆபீஸில் சொல்லியாயிற்றா என்று கேட்டார். இல்லை என்றேன். “பின்னே எனக்ககிட்ட எதுக்கு சொல்லணும்? அவளுக்குப் பேரு வச்சவனுககிட்ட போய் சொல்லு” என்று எழுந்து உள்ளே போய்விட்டார்.

முதலில் சாலைக் கடைத்தெருவுக்குப் போய் அண்ணாச்சியிடம் சொன்னேன். அவர் கையிலிருந்த குடத்தைக் கீழே வைத்தார். “அன்னைக்கே நீ வாயத் தொறந்திருந்தா உன்ன நாலு ஏச்சு ஏசிட்டுப் போயிருப்பேன். அம்புட்டுத்தான். பேத்தி அத மறுநாளே மறந்தாச்சு” என்றார்.

பிள்ளை மறுநாளே மறந்துவிட்டது. நீங்களும் நானும்தான் இரண்டு வருடம் மறக்காமல் வைத்திருந்தோம். இது அச்சில் வரும்போது முதலாளியும் படிப்பார். படிக்கட்டும். அவர் போகச் சொன்னால் என் மகளைத் தூக்கிக்கொண்டு நானும் மூன்று ஆபீஸ் ஏறி இறங்குகிறேன், எனக்கு அது வேண்டும்.

அஞ்சலி எழுதுகிறவர்கள், இறந்தவரிடமிருந்து தாங்கள் எடுத்துக்கொண்டது இன்னது என்று கடைசியில் சொல்வார்கள். அவருடைய பொறுமையை, கருணையை எடுத்துக்கொண்டேன் என்று எழுத எனக்குக் கை கூசுகிறது. அவரிடமிருந்து அந்தப் பெயரை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். இனிமேல் தம்பானூரில் என்னைப் பார்த்தால் ‘ராவிலே பேச்சிமுத்து’ என்று கூப்பிடுங்கள். நான் திரும்பிப் பார்ப்பேன்.