தணிகாசலம் ஐயா அடிக்காமல் விட்ட ஒரு வார்த்தை

செங்கல்பட்டிலிருந்து பத்திரிகை ஆபீசுக்கு டிரங்க் கால் வந்தது. தணிகாசலம் ஐயாவின் மகள் பேசினார். "அப்பா காலைல போயிட்டாரு சார்." எனக்கு முதலில் அழுகை வரவில்லை, பயம்தான் வந்தது. ஒரு சாட்சியின் பெயர் எங்கள் இருவருக்கு மட்டுமே தெரியும். இனி நான் ஒருவன்தான்.

ஐயா குற்றப்பிரிவு ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவர். எங்கள் வார இதழில் நான் உண்மைக் குற்றத் தொடர் எழுத ஆரம்பித்தபோது, ஒவ்வொரு கதையையும் சரிபார்த்துத் தர ஒப்புக்கொண்டார். கத்தி எத்தனை அங்குலம், ரத்தம் எங்கே உறைந்தது என்று நான் அடுக்கிக்கொண்டே போவேன். அவர் கண்ணாடியைத் துடைத்தபடி, "செத்தவன வுடு சார். இதுல உயிரோட கீறது யாரு?" என்பார். கேட்டுவிட்டு வரிவரியாக அடித்துத் தள்ளுவார்.

"கதையே போச்சே ஐயா!"

"ஆளு போவாம இருந்தா சரி."

ஒரு வாரம் அவருக்குக் கடும் காய்ச்சல். காட்டாமலே அச்சுக்கு அனுப்பிவிட்டேன். மாமல்லபுரத்துக்குத் தெற்கே, சவுக்குத் தோப்பில் நடந்த கொலை. கொன்றவன் சிறையில், அவன் தம்பி வெளியில். போலீசுக்கு ரகசியமாகத் துப்புக் கொடுத்த பெண்மணியின் பெயரையும் ஊரையும் மாற்றினேன். ஆனால் அவர் பேச்சுக்குப் பேச்சு சொல்லும் ஒரு வார்த்தையை அப்படியே விட்டேன். அவ்வளவு அழகு அது! அந்தக் கடற்கரையில் அப்படிப் பேசுகிறவர் அவர் ஒருவர்தான் என்பது என் மரமண்டையில் ஏறவில்லை.

இதழ் வெளிவந்த நான்காம் நாள் அந்தப் பெண்மணி ஐயா வீட்டுக்கு வந்தார். நானும் அங்கே இருந்தேன். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டுதான் பேசினார்.

"அவன் தம்பி டெய்லி எதுத்தாப்ல வந்து நிக்கிறான் நைனா. 'இன்னாக்கா, பேச்சயே காணோம்'னு சிரிக்கிறான். வாயத் தொறந்தா நாந்தான்னு தெரிஞ்சிடும்."

ஐயா திட்டியிருந்தால்கூடத் தேவலை.

"அந்த வார்த்தைய இனிமே எல்லார் வாயிலயும் போடு சார்," என்றார் ஐயா.

அடுத்த கதையில் பஸ் கண்டக்டர் அதைச் சொன்னார், அதற்கடுத்ததில் நீதிபதி, பிறகு திருடன். வாசகர்கள் கிழிகிழி என்று கிழித்தார்கள். 'இவருக்கு வேறு வசனமே தெரியாதா?' நான் புலம்பினேன். "உன் பேரு கெட்டா கெடட்டும்," என்றார் ஐயா. சில மாதங்களில் அது என் கிறுக்கு என்றே எல்லோரும் நம்பினார்கள். தம்பிக்காரனும் விலகிப் போனான். அந்தப் பெண்மணி மறுபடி வாய்விட்டுப் பேசினார்.

இறுதி ஊர்வலத்தில், கூட்டத்தின் ஓரத்தில் தெரிந்த முகம் ஒன்று அழுதுகொண்டு நின்றது. எனக்குக் கைகூப்பத் தோன்றியது. கூப்பவில்லை. முன்பின் அறியாதவன்போல் கடந்து போனேன்.

ஐயா, இந்த அஞ்சலியிலும் எல்லாவற்றையும் மாற்றித்தான் எழுதியிருக்கிறேன். அது தோப்பு அல்ல. சாட்சி ஆணா பெண்ணா என்பதுகூட நான் எழுதியபடி இல்லாதிருக்கலாம். நீங்கள் செய்த உபாயமும் வேறு. போய் வாருங்கள். யாரையும் காட்டிக்கொடுத்துவிடவில்லையே என்று நான் இனி யாரைக் கேட்பேன்?