அமரர் என்று போடாத அழைப்பிதழ்

ஜெர்மனியில், கொலோனில் எங்கள் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு பெண் இருக்கிறார். என்னை அண்ணை என்பார், என் மனைவியை அக்கா என்பார். அவருடைய கணவனும் நானும் ஊரில் ஒரே வகுப்பு. போரின் கடைசி மாதங்களில் அவன் வன்னிக்குள் அகப்பட்டிருந்தான். மனைவியும் சிறு மகளும் முன்னரே இங்கே வந்துவிட்டார்கள். அவனைக் கூப்பிடப் போட்ட அன்ட்ராக், அந்த விண்ணப்பம், ஏதோ ஓர் அலுவலகத்தில் கிடந்தது.

அந்த நாட்களில் நான் ஒரு பிரெஞ்சுத் தத்துவவாதியின் பித்தில் இருந்தேன். பான் பல்கலைக்கழகத்தில் பாதியில் விட்ட படிப்பில் எனக்கு மிஞ்சியவர் அவர்தான். குடியானவக் குடும்பத்திலிருந்து வந்து, முதலில் பள்ளிக்கூடத்தில் ஜெர்மன் படிப்பித்தவர். அதனாலேயே எனக்குச் சொந்தக்காரர் போலத் தோன்றினார். படம் முதலில் உண்மையைக் காட்டும், பிறகு அதை மறைக்கும், கடைசியில் உண்மையே தேவைப்படாமல் தானே உலகமாகிவிடும் என்பது அவர் எண்ணம். தொலைக்காட்சியில் நாம் பார்ப்பது போரை அல்ல என்றும் எழுதியிருந்தார். கிழமை நாட்களில் கிடங்கில் பெட்டி அடுக்கிவிட்டுச் சனிக்கிழமைகளில் தமிழ்ச் சங்க மண்டபத்தில் இதைப் பேசுவேன். விளங்காமலே கைதட்டுவார்கள். தேநீர் ஊற்றுகிறவர், அண்ணையின் கணக்கில் எங்கள் கல்யாண அல்பமும் பொய்தான் என்று பகிடி விடுவார். எனக்கு அதெல்லாம் பிடித்திருந்தது.

ஒரு ஞாயிறு மத்தியானம் அந்தப் பெண் மடிக்கணினியோடு வந்தார். இணையத்தில் பரவிய ஒரு படம். மணலில் உடல்களை வரிசையாகக் கிடத்தியிருந்தார்கள். மூன்றாவது உடலின் முகத்தில் துணி கிடந்தது. கால்கள் வெளியே தெரிந்தன.

"அண்ணை, இது அவரோ?"

இடது காலில் இரண்டு விரல்கள் ஒட்டியிருந்தன. குளத்தில் குளிக்கும்போது அந்த வாத்துக் காலைப் பார்த்து அவனைத் தாரா என்று கூப்பிட்டவன் நான். பார்த்ததுமே தெரிந்துவிட்டது. அதைச் சொல்லும் வாய் என்னுடையதாக இருக்கக்கூடாது என்று மட்டும் நினைத்தேன்.

கணினியை மூடினேன். படத்தை எடுத்தது யார், எங்கே, எவ்வளவு மாற்றியிருப்பார்கள் என்று அரை மணித்தியாலம் பேசினேன். தத்துவவாதியையும் இழுத்தேன். "ஒரு படத்தை நம்பி ஒரு மனுசனைச் சாகடிக்க ஏலாது" என்றேன். அவர் அழுதார். பிறகு முகம் கழுவிக்கொண்டு நிம்மதியாக வீட்டுக்குப் போனார்.

யாரும் சாகவில்லை என்று அந்தத் தத்துவவாதி ஒருநாளும் சொன்னதில்லை. இத்தனை படங்களுக்கு நடுவில் செத்தவர்களே தெரியாமல் போகிறார்கள் என்பதுதான் அவருடைய கோபம். பேசும்போதே எனக்கு இது தெரியும்.

அந்தப் பெண் அந்தியேட்டிக் கிரியை செய்யவில்லை. திவசம் இல்லை. பொட்டை அழிக்கவில்லை. ஸ்டுட்கார்ட்டிலிருந்து ஒரு நல்ல மனிதர் அவரைக் கல்யாணம் செய்யக் கேட்டு வந்தபோது, தன் மனுசன் இருக்கிறார் என்று திருப்பி அனுப்பிவிட்டார். அப்போதும் அந்தக் காலைப் பற்றி நான் சொல்லவில்லை.

போன மாதம் மகளின் கல்யாண அழைப்பிதழைப் பிழை பார்க்கக் கொண்டுவந்தார். தகப்பன் பெயருக்கு முன்னால் ஒன்றும் இல்லை.

"சனம் அமரர் எண்டு போடச் சொல்லுது அண்ணை. நீங்கள் சொல்லுங்கோ."

நான் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தேன். அந்தப் பிரெஞ்சுக்காரர் இன்னும் இருக்கிறாரோ என்று கேட்டார். அவர் செத்து எத்தனையோ வருசம் என்றேன்.

"நீங்கள் பாத்தனீங்களோ?"

"பேப்பரில படம் வந்தது."

"அப்ப நம்ப ஏலாது" என்று சிரித்தார். நானும் சிரித்தேன்.

இரண்டு எழுத்துப் பிழைகளைத் திருத்தி, மற்றதெல்லாம் இப்படியே இருக்கட்டும் என்று கொடுத்தேன். வாசலில் நின்று திரும்பினார்.

"அவர் இன்னும் வரேல்லை. நீங்களும் அக்காவும்தான் அவற்ற இடத்தில நிண்டு தாரை வார்க்கோணும்."

ஓம் என்றேன். அவன் மகளின் கையைப் பிடித்துக் கொடுக்க எனக்குப் புதுவேட்டி வாங்கியாகிவிட்டது.