கீழ்வீட்டு அம்மா வெட்டித் தந்த படம்

பார்க் எக்ஸ்டென்ஷனில் எங்கள் கீழ்வீட்டில் இருந்த கிரேக்க அம்மா, ஏதென்சில் முப்பது வருடம் சினிமாப்படம் வெட்டி ஒட்டியவர். பதினேழு வயதில் பசை பூசும் பிள்ளையாகச் சேர்ந்து, பிறகு கத்தரி பிடித்து, ஊரே அழுத படங்களையும் ஊரே ஆடிய படங்களையும் ஆக்கிக் கொடுத்திருக்கிறார். வீட்டுக்கு வீடு டிவி வந்து கொட்டகைகள் மூடிய பிறகு தம்பியோடு மொன்றியலுக்கு வந்துவிட்டார். மாதா படத்துக்கு முன்னால் தினமும் எண்ணெய் விளக்கு ஏற்றுவார். அதனால் எங்கள் அம்மாவுக்கு அவர்மேல் நம்பிக்கை.

அக்கா பெரியபிள்ளையானதற்குச் செய்த சாமத்திய வீட்டை எடுத்த வீடியோக்காரர் நாலு மணி நேர டேப்பை அப்படியே தந்துவிட்டுப் போனார். ஊருக்கு அனுப்பச் சுருக்க வேண்டும் என்று அம்மா அதைக் கீழே கொண்டுபோனார். எட்டு வயதான நான்தான் மொழிபெயர்ப்பாளர். “வடிவா ஆக்கித் தரச்சொல்லு” என்று அம்மா சொன்னதை அப்படியே சொன்னேன். ஒருத்தரையும் வெட்டக்கூடாது என்று சொல்ல வேண்டுமென்று எங்களுக்குத் தோன்றவேயில்லை.

உண்மையில் அந்தக் கொண்டாட்டத்தில் அம்மாவுக்கு மனம் நிறையவில்லை. தேங்காய் உடைத்து அக்காவை மேடைக்குக் கூட்டிவர வேண்டிய தாய்மாமன், அம்மாவின் ஒரே அண்ணை, வரவில்லை. ஏதோ கலியாணப் பேச்சில் கோபித்துக்கொண்டு புரோசார்ட்டில் இருந்தார். ஆற்றுப் பாலத்துக்கு அந்தப் பக்கம்தான். இரண்டு வருடமாகப் பேச்சில்லை. தேங்காயைச் சித்தப்பா உடைத்தார்.

கீழ்வீட்டு அம்மா இரண்டு வீடியோ டெக்கை இணைத்து ஒரு கிழமை இருந்து வேலை செய்தார். படம் நாற்பது நிமிடமாக வந்தது. எல்லாரும் கூடிப் பார்த்தோம். பரிசு கொடுத்துவிட்டு வரிசையாகப் படத்துக்கு நின்ற சனத்தில் ஒருத்தரையும் காணவில்லை.

“ஐயோ, வந்த சனம் எங்க? விடிய எழும்பி நான் கொண்டை கட்டினது ஆருக்கு?” என்று அப்பாவின் அக்கா எழும்பிவிட்டார்.

“பொறுங்கோ அக்கா, அந்தா உங்கட முழங்கை தெரியுது” என்றார் அப்பா.

அப்போதுதான் சித்தப்பா தேங்காய் உடைக்கும் இடம் வந்தது. படத்தில் எங்கள் அக்கா தலை நிமிர்ந்தாள். அடுத்து மண்டப வாசல். குளிர்ச்சட்டையும் கழற்றாமல், வாயைப் பொத்திக்கொண்டு, அக்காவையே பார்த்தபடி ஒருவர் நின்றார்.

“நிப்பாட்டுங்கோ! அது அண்ணையெல்லே!” என்றார் அம்மா.

கீழே ஓடிப்போய்க் கேட்டேன். ஆள் யாரென்று கிரேக்க அம்மாவுக்குத் தெரியாது. மண்டபத்தில் எல்லாரும் கமெராவைப் பார்க்க, அந்த மனிதர் மட்டும்தான் பிள்ளையைப் பார்த்தாராம்.

முருகன் யார் கையால் வழி திறப்பான் என்று நமக்குத் தெரியாது. அம்மா கற்பூரம் கொளுத்திக் கும்பிட்டுவிட்டுப் போன் எடுத்தார். நானும் காதை ஒட்டிவைத்தேன்.

“அண்ணை, தேங்காய் உடைக்கேக்க வந்து நிண்டிட்டு ஏன் சொல்லாமல் போனனீங்கள்?”

அந்தப் பக்கம் நெடுநேரம் சத்தமில்லை. பிறகு, “ஓம் தங்கச்சி, நிண்டனான்” என்றார் மாமா. ஞாயிற்றுக்கிழமை குடும்பமாக வந்து இறங்கினார். அப்பாவின் அக்காவுக்குத்தான் கோபம் ஆற ஒரு வருடம் பிடித்தது.

போன வருடம் அந்தப் பழைய நாலு மணி நேர டேப்பை முழுதாக இருந்து பார்த்தேன். மாமா வந்தது கடைசியில், கதிரைகள் அடுக்கும்போது. நாலு விநாடிதான். அதைத்தான் கீழ்வீட்டு அம்மா வெட்டித் தேங்காய்க்குப் பக்கத்தில் ஒட்டியிருக்கிறார். தேங்காய் உடைக்கும்போது வாசலில் யாருமே இல்லை. சித்தப்பாவுக்குப் பக்கத்தில் நின்ற அம்மா, அந்த வெறும் வாசலைவிட்டுக் கண்ணை எடுக்கவேயில்லை.

அண்ணை அப்போது வரவில்லை என்று தெரிந்துகொண்டுதான் அம்மா போனில் அப்படிக் கேட்டிருக்கிறார். அன்று மாமா பேசாமல் நின்றபோது, லைன் அறுந்துவிட்டதென்று நினைத்து நான் “ஹலோ, ஹலோ” என்று கத்தினேன். அம்மா என் வாயைப் பொத்திவிட்டுக் காத்துக்கொண்டு நின்றார்.