மூன்றாவது கூப்பாடு

நேற்றுக் காலை கடையைத் திறந்து, ஜெராக்ஸ் மெஷின் சூடாகும் வரை பொழுது போக வேண்டுமே என்று செல்போனை எடுத்தேன். செய்தி வீடியோவில் என் நண்பன் பேசிக்கொண்டிருந்தான். எழுந்து நின்றுவிட்டேன். மரியாதைக்காக அல்ல.

அவன் பெயர் சாமுவேல். ஆப்பிரிக்காவில் ஒரு சிறிய நாட்டின் சட்ட மந்திரி. எந்த நாடு என்று சொல்லப்போவதில்லை. செஞ்சிக் கோர்ட்டுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவனுக்கு வெளியுறவு விவகாரமெல்லாம் எதற்கு? பேசத் தொடங்குமுன் இடது காது மடலை நீவிக்கொள்வது அவன் பழக்கம். நேற்றும் நீவிக்கொண்டான். பிறகு அதே சாந்தமான குரலில் சொன்னான்: புதிய சட்டப்படி பிடிபட்டவர்களை விசாரணை இல்லாமலே உள்ளே வைத்திருக்கலாம்; யார் யாரைப் பிடித்திருக்கிறோம் என்று பெயர் வெளியிட வேண்டிய அவசியமும் அரசாங்கத்துக்கு இல்லை. அடுத்த காட்சியில் ஒரு கம்பிவேலிக்கு வெளியே பெண்கள் போட்டோக்களைத் தூக்கிப் பிடித்து நின்றார்கள்.

திரும்பப் பார்த்தேன். இன்னொரு முறை பார்த்தேன். ஆள் மாறிவிடுவான் என்று நினைத்தேனோ என்னவோ. மாறவில்லை. மெஷினில் பச்சை விளக்கு எரிந்தது. யாரோ கொடுத்துவிட்டுப் போன பட்டாவைத் தலைகீழாக வைத்து நாலு நகல் எடுத்திருக்கிறேன்.

சூடான மையின் வாசனை. இது என் மூக்கில் குடியேறுவதற்கு முன்னால் அங்கே இருந்தது கார்பன் பேப்பர் வாசனை. அப்போது நான் இதே கோர்ட்டில் ஒரு வக்கீலுக்குக் குமாஸ்தா. தடிதடியான புத்தகங்கள் படித்து, உலகத்தைத் திருத்தும் தகுதியோடு போய்ச் சேர்ந்தவனை அவர் ஸ்டாம்ப் ஒட்டச் சொன்னார். எச்சில் என்னுடையது, கேஸ் அவருடையது.

அவர் மகன் சென்னையில் சட்டம் படித்தான். கல்லூரியில் ஸ்டிரைக் என்று ஊருக்கு வந்தவன், கூடவே ஹாஸ்டல் தோழன் சாமுவேலையும் கூட்டி வந்தான். இரண்டு மாதம். மகன் பன்னிரண்டு மணி வரை தூங்கினான். சாமுவேல் காலையிலேயே என்னோடு கோர்ட்டுக்கு வந்துவிடுவான். ஊரே அவனை வேடிக்கை பார்த்தது. நான் படித்தவன் இல்லையா, அதனால் கேள்வியாகக் கேட்டேன்.

"உங்க ஊர்ல சிங்கமெல்லாம் ரோட்டுலயே வருமா?"

அவன் காதை நீவிக்கொண்டு, மலைமேல் தெரிந்த கோட்டையைக் காட்டினான். "ஒங்க ராஜா எழுந்துட்டாரா?" மெஸ்ஸில் கற்ற தமிழ்தான். அன்றிலிருந்து சிநேகிதம்.

கோர்ட்டில் அவனைக் கட்டிப்போட்டவர் ஜட்ஜ் அல்ல, டவாலி. வெள்ளை உடுப்பு, குறுக்கே சிவப்புப் பட்டை, அதில் பித்தளை வில்லை. ஒரு வழக்கை எடுத்ததும் வாசலுக்கு வந்து கட்சிக்காரரின் பெயரை மூன்று முறை கூவுவார். மூன்றாவது கூப்பாட்டுக்கும் ஆள் வராவிட்டால் வராதவருக்கு எதிராகத் தீர்ப்பாகிவிடும். எங்களுக்கு அது காக்காய் கத்துகிற மாதிரி, காதில் விழாது. சாமுவேல் மட்டும் ஒவ்வொரு பெயருக்கும் நிமிர்ந்து உட்காருவான்.

"எங்க ஊர்ல ஜீப்புல வருவாங்க. பேர் கேக்க மாட்டாங்க. எங்க அப்பாவ அப்டித்தான் கூட்டிட்டுப் போனாங்க" என்று ஒருநாள் டீக்கடையில் சொன்னான். "இங்க ஏழை பேரக்கூட மூணு தடவ கூப்புடுறாங்க."

நான் இன்னொரு வடை வாங்கிக் கொடுத்தேன்.

அஞ்சலை மண்டகப்பட்டுக்காரி. புருஷன் இறந்த பிறகு, அவள் உழுதுகொண்டிருந்த நாற்பது சென்ட் நிலத்தைத் தன்னுடையது என்று கொழுந்தன் வழக்குப் போட்டிருந்தான். அன்றைக்கு எங்கள் வக்கீல் திண்டிவனம் போயிருந்தார். "நம்ம கேஸ் மத்தியானத்துக்கு மேலதான் வரும், போய்ச் சாப்ட்டு வா" என்று அவளை அனுப்பிவைத்த மேதை நான்தான். தூக்குச்சட்டியோடு பஸ் ஸ்டாண்டுப் பக்கம் போனாள். பத்தே நிமிடம். டவாலி வாசலுக்கு வந்தார்.

"அஞ்சலே!"

இரண்டாவது முறையும் கூவினார். நான் புளியமரத்தடியில் கேஸ் கட்டோடு கட்டாக நின்றேன். சாமுவேல் பாய்ந்து டவாலியின் கையைப் பிடித்தான். "அண்ணே, ஒண்ணு பாக்கி வைங்க!" ஓடிவிட்டான்.

டவாலி ஓடுகிறவனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். அப்புறம் அவருக்கு இருமல் வந்தது. அப்படியோர் இருமலை அதற்கு முன்னும் பின்னும் நான் கேட்டதில்லை. "இன்னாய்யா ஆச்சு?" என்று உள்ளேயிருந்து கிளார்க் கத்த, தண்ணீர் வேண்டும் என்று சைகை காட்டிவிட்டு மேலும் இருமினார். கடைவீதியெல்லாம் "அஞ்சலே, அஞ்சலே" என்று அந்தப் புதுக்குரல் போய்க்கொண்டிருந்தது. மூன்றாவது கூப்பாடு எழுந்தபோது அஞ்சலை வாசற்படியில் மூச்சுவாங்க நின்றாள்.

ஜட்ஜ் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "கையில என்னம்மா?"

"சோறுங்க."

வாய்தா கிடைத்தது. பின்னால் நிலமும் கிடைத்தது.

சாமுவேல் தன் ஊருக்குப் போய் வக்கீலானான். ஜீப்பில் கொண்டுபோகப்பட்டவர்களுக்காகக் பீஸ் வாங்காமல் வாதாடினான். 'இங்கே டவாலி கிடையாது. நானே கோர்ட் வாசலில் நின்று அவர்கள் பெயர்களைக் கூவுகிறேன்' என்று ஒரு கடிதம் எழுதினான். அதற்காக அவனும் கொஞ்ச காலம் உள்ளே இருந்துவிட்டு வந்தான். பிறகு தேர்தல், பாராளுமன்றம், போன வருஷம் மந்திரி. அவன் மந்திரியான அன்றைக்கு, அவனும் அஞ்சலையும் நானும் நிற்கும் பழைய போட்டோவை மெஷினுக்கு மேல் மாட்டினேன். நகல் எடுக்க வந்தவர்கள், அந்த நாட்டு அமைச்சரவையே என்னைக் கேட்டுத்தான் நடக்கிறது என்று நம்பியிருப்பார்கள்.

அஞ்சலை ஒவ்வொரு வருஷமும் மல்லாட்டை, அதுதான் வேர்க்கடலை, பிடுங்கியதும் ஒரு பை கொண்டு வருவாள். "தம்பிக்கு அனுப்பு." முதல் வருஷம் தபாலாபீசில் கேட்டுப் பார்த்தேன், அங்கிருந்தவர் என்னைப் பார்த்த பார்வையில் திரும்பி வந்துவிட்டேன். அதிலிருந்து அந்த மல்லாட்டையை அவித்துத் தின்றுவருவது நான். அவளிடம் சொன்னதில்லை.

நேற்று என்று பார்த்தா வர வேண்டும்! பையை மெஷின் மேல் வைத்தாள். நரைத்த தலை, அதே குரல்.

"தம்பி நல்லாருக்குதா?"

நல்லாருக்குது என்று சொல்லிவிட்டால் முடிந்தது. இத்தனை வருஷம் கடலை விஷயத்தில் புளுகியவனுக்கு இன்னொன்று பாரமா? ஆனால் அவள் நிலத்தில் காலூன்றி நிற்பதே அவன் போட்ட கூச்சலால்தான். அவளிடம் இதை மறைக்க எனக்கு மனசு வரவில்லை. போனைக் காட்டினேன்.

"ஒடம்பு வச்சிருக்குது" என்று சிரித்தாள். சிரிப்பு நின்றது. "யாரு அந்தப் பொம்பளைங்க? இன்னாத்துக்கு நிக்கிறாங்க?"

சொன்னேன். மெதுவாக, எல்லாவற்றையும்.

போனைத் தன் பக்கம் திருப்பினாள். "புடிச்சவங்க பேர மூணு தபா கூப்ட்டாங்களா?"

"ஒரு தடவகூட இல்ல."

"இவனா சொன்னான்?"

இத்தனை வருஷமும் அவளுக்கு அவன் தம்பிதான். 'இவன்' என்று அவள் சொல்லிக் கேட்டது அதுதான் முதல் தடவை.

"இவன்தான்."

பையை எடுத்துக்கொண்டு போய்விடுவாள் என்று நினைத்தேன். என் பக்கம் தள்ளினாள். "இத அந்தப் பொம்பளைங்களுக்கு அனுப்பு." இறங்கிப் போய்விட்டாள்.

பையைப் பிரிக்கவில்லை. எதிரே கோர்ட் வாசலில், டவாலி நின்ற இடத்துக்கு மேலே, ஒரு மின்பலகையில் வழக்குகளின் சிவப்பு எண்கள் மாறிக்கொண்டிருந்தன. அவர் ஓய்வு பெற்றுப் போனார். பிறகு போயும் சேர்ந்தார். படிக்கத் தெரிந்தவர்கள் எண்ணைப் பார்த்து உள்ளே போனார்கள். தெரியாதவர்கள் பக்கத்தில் நிற்பவரைக் கேட்டார்கள். பெயர் எதுவும் காதில் விழவில்லை. இருமலும்.