மழை பெய்யாத ஒன்பது நிமிடங்கள்

இரண்டு வருடங்களுக்கு முன், மலேசியாவின் பினாங்கில் கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் சாலைக்குப் பின்புறம் ஒரு கடைவீட்டு மாடியில், நான் எடுத்த ஒன்பது நிமிடக் குறும்படத்தைத் திரையிட்டார்கள். ஐம்பது நாற்காலிகள். அதில் பாதி நாற்காலிகளில் என் சொந்தக்காரர்கள்.

எனக்குப் பதினோரு வயதில், தைப்பூசத்துக்கு மறுநாள், அம்மா ஓட்டிய மோட்டார் சைக்கிளின் பின்னால் உட்கார்ந்து போனேன். வண்டி வழுக்கியது. அம்மா இறந்துவிட்டார். தலையில் அடிபட்ட எனக்கு அந்த நாள் துண்டு துண்டாகத்தான் இருக்கிறது. மழையில் வழுக்கியது என்று வீட்டில் எல்லாரும் சொன்னார்கள். ஆனால் என் தலைக்குள் ஒரு சொட்டு மழைகூட இல்லை. வெயில், சாலை முழுக்கத் தேருக்கு உடைத்த தேங்காய், புளித்த தேங்காய்த் தண்ணீர் வாடை. இதைச் சொன்னால், அடிபட்ட மூளை உளறுகிறது என்று என் வாயை அடைத்துவிடுவார்கள்.

அதனால் படத்தில் கதையே வைக்கவில்லை. தைப்பூசத் தேர் போன சாலையில், பின்சீட்டுப் பிள்ளையின் கண் உயரத்தில் போனைப் பிடித்து எடுத்த அதே வெயில், தேங்காய்க் காட்சிகள் வரிசை மாறி மாறி வரும். எனக்கு ஞாபகம் இல்லாத இடங்களில் திரை வெறும் கறுப்பு. நடிகர்களை வைத்து நிரப்பச் சொன்னார் எனக்குப் படமெடுக்கப் பயிற்சி கொடுத்தவர். இல்லாததை எங்கிருந்து எடுப்பது? மறுத்துவிட்டேன்.

ஐந்தாவது நிமிடத்தில் பெரியம்மா எழுந்துவிட்டார்.

"போதும் லா, நிறுத்து! இத்தன வருஷமா மழைன்னு சொல்லி வச்சிருக்கோம். இப்ப ஊரே சாமி குத்தம்னு பேசும்!"

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. அந்த வருடம் பால்குடம் எடுப்பதாக வேண்டிக்கொண்ட அம்மா, ஃபேக்டரியில் லீவு கிடைக்காமல் எடுக்கவில்லை. சாமிக்கு உடைத்த தேங்காயிலேயே வழுக்கி விழுந்தார் என்றால் ஊர் என்ன சொல்லும் என்று பயந்து மழையைக் கொண்டுவந்திருக்கிறார்கள். இருபது வருடம் என் மூளையை நானே சந்தேகப்பட்டதுதான் மிச்சம். அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது.

படத்தை ஓட்டிக்கொண்டிருந்தவர் என்னைப் பார்த்தார். "ஓடட்டும் அண்ணே" என்றேன். பிறகு பெரியம்மா பக்கம் திரும்பினேன்.

"அம்மா லீவு கேட்டாங்க, கிடைக்கல. அதுல என்ன குத்தம்? ரோட்டுல தேங்கா கெடந்துச்சு, டயர் வழுக்கிருச்சு. உக்காருங்க பெரியம்மா, இன்னும் நாலு நிமிஷம் இருக்கு."

அவர் உட்காரவில்லை. நின்றபடியே கடைசிவரை பார்த்தார். வெளியே வந்ததும், மழைச் சத்தமாவது சேர்த்துவிடேன் என்று கேட்டார். முடியாது என்றேன். இன்றுவரை என்னிடம் சரியாகப் பேசுவதில்லை. பேசாமலே இருக்கட்டும்.

என் ஞாபகத்தில் எத்தனை ஓட்டை இருந்தாலும் அதோடு வாழ எனக்குத் தெரியும். அம்மா செய்யாத குற்றத்தை மறைக்க, என் வெயில் நாளில் இனி யாரும் மழை பெய்ய வைக்க முடியாது.