நான் படிக்காமல் விட்ட வரிகள்

திரையில் உதடுகள் அசைந்ததும் என் மனைவி என் பக்கம் திரும்பி, "என்ன சொல்றான்?" என்று கேட்பாள். சேலையூர் வீட்டில் எங்கள் மாலைகள் அப்படித்தான் போயின. தமிழில் பேசவைத்த ஒரு துருக்கித் தொடரை அவள் விடாமல் பார்த்துவந்தாள். அதில் மாமியாராக வரும் நடிகைமேல் அவளுக்குத் தனிப் பிரியம். அந்த நடிகை இளவயதில் நடித்த காதல் படங்களை எங்கள் மகன் யூடியூபில் தேடிக் கொடுத்தான். தையற்காரி, பாட்டுக்காரி, பார்வையில்லாத பூக்காரி என்று படத்துக்குப் படம் காதலித்துக்கொண்டே இருந்தாள். "இவ்ளோ லவ் பண்ணவளை, இப்ப மருமகளைத் திட்டறதுக்குன்னு வச்சிருக்காங்க பாருங்க" என்று மனைவி அங்கலாய்ப்பாள்.

பழைய படங்களுக்குத் தமிழ் கிடையாது. கீழே ஆங்கில வரிகள் ஓடும். அதைச் சொல்வது என் வேலை. பள்ளியில் ஆங்கிலக் கவிதை நடத்தி ஓய்வுபெற்றவனுக்கு அது பெரிய காரியமில்லை. சண்டை, சொத்து, துரோகம் எல்லாவற்றையும் ஒழுங்காகச் சொல்வேன். காதலன் அவள் கையைப் பிடித்தால் மட்டும் எனக்கு நாக்கு எழாது. கல்யாணமான நாளிலிருந்து அப்படி ஒரு வார்த்தையை நான் மனைவியிடம் சொன்னதில்லை. "சாப்பிட்டியான்னு கேக்கறான்" என்று சொல்லித் தப்பித்துக்கொள்வேன். ஒருநாள் அவள் திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டாள்: "சாப்பிட்டியான்னு கேட்டதுக்கா அவ இப்படி அழுவறா?" அந்த ஊர்க்காரர்கள் எதற்கெடுத்தாலும் அழுவார்கள் என்றேன். "சரிங்க வாத்தியாரே" என்றாள்.

அவள் குரோம்பேட்டை ஆஸ்பத்திரியில் கிடந்தபோதும் செல்போனில் ஒரு படம் போடச் சொன்னாள். கடைசிக் காட்சியில், பல வருடம் கழித்துத் திரும்பிவந்தவன் ரயில் நிலையத்தில் அந்த நடிகையின் முன்னால் நின்று பேசுகிறான். "இதையாவது சரியா சொல்லுங்க" என்றாள் மனைவி. பக்கத்துக் கட்டில்காரி எங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். "ரயிலுக்கு நேரமாச்சுங்கறான்" என்றேன். மனைவி போனை என் கையில் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள். பிறகு அவள் படம் எதுவும் கேட்கவில்லை. அந்த வாரமே போய்விட்டாள்.

அந்தத் தொடர் இன்னும் முடியவில்லை. மாமியார் திட்டிக்கொண்டே இருக்கிறாள். நான் எதிரில் உட்கார்ந்து பார்க்கிறேன்.

"நீ இருக்கிற இடம்தான் எனக்கு வீடு." ரயில் நிலையத்தில் அவன் சொன்னது இவ்வளவுதான். கூச்சத்தால் விட்டுவிட்டேன் என்றுதான் மகனிடம் சொன்னேன். அது முழு உண்மை இல்லை. அந்த வரியை அவள் யார் வாயால் கேட்க ஆசைப்பட்டாள் என்பது எனக்கு அப்போதே தெரியும். தெரிந்துதான் ரயிலைச் சொன்னேன்.