இரண்டுங்கெட்டான் படகின் கதவு

என் கணவருக்கு நீச்சல் தெரியாது. கோயில் குளத்தில்கூடப் படிக்கட்டில் உட்கார்ந்து சொம்பால் மொண்டு ஊற்றிக்கொள்கிற ஆள். அவருக்குத்தான் கடலில் போகிற படகு கட்ட ஆசை வந்தது. கிளப்பில் கிடந்த இங்கிலீஷ் பத்திரிகைகளில் படகுப் படம் பார்த்துப் பார்த்து முற்றிப்போன பைத்தியம். மயிலாப்பூர் வீட்டு வாசலில் கட்சிக்காரர்கள் காத்திருக்க, வக்கீலான இவர், அவர்கள் கொண்டுவந்த காகிதங்களின் பின்பக்கத்தில் பாய்மரம் வரைந்துகொண்டிருப்பார்.

நான் ஏன் தடுக்கவில்லை என்று கேட்டால், ஒரு கதவுக்காக. எங்கள் வீட்டில் மூன்று மகன்கள், மூன்று மருமகள்கள், விதவை அத்தை ஒருவர், எல்லோர் தலைக்கும் மேலே மாமியார். தாழ்ப்பாள் உள்ள அறை மாடியில் ஒன்றே ஒன்று. அது என்றைக்கு யாருக்கு என்று மாமியார் பஞ்சாங்கம் பார்த்துச் சொல்வார். அமாவாசை, ஏகாதசி, திவசம் எல்லாம் போக மிச்சத்தை மூன்று ஜோடிக்குப் பங்கு போட்டால் என்ன தேறும்? தேறிய நாளில் இவருக்கு ஜலதோஷம் பிடிக்கும். கல்யாணமாகி இரண்டு வருஷம், புருஷனோடு நான் பேசியதெல்லாம் காபி டம்ளரை நீட்டுகிற நேரத்தில் பேசியதுதான்.

அப்படி ஒரு காபி நேரத்தில் படத்தைக் காட்டினார்.

"ஏன்னா, பாயும் இருக்கு, எஞ்சினும் இருக்கே. எதுக்கு ரெண்டும்?"

"காத்து ஏமாத்தினா எஞ்சின். எஞ்சின் ஏமாத்தினா பாய்."

"ரெண்டும் ஏமாத்தினா?"

"காபில சக்கரை போறலை" என்றார்.

கிளப்பில் மற்ற வக்கீல்கள் அதற்கு இரண்டுங்கெட்டான் என்று பெயர் வைத்துவிட்டார்கள். இவருக்குக் கவலையே இல்லை. பந்தயப் படகு போல ஒல்லி இல்லையாம். வயிறு பருத்தது, மெதுவாகத்தான் போகும், ஆனால் உள்ளே தலை நிமிர்ந்து நிற்கலாமாம். நடுவில் கண்ணாடி வைத்த சின்ன அறை. மழை படாமல் அதில் உட்கார்ந்து சக்கரத்தைத் திருப்பலாம். பாய்க்கயிறுகளும் எஞ்சின் கைப்பிடியும் அங்கேயே வந்து சேரும். "ஒருத்தனே மொத்தப் படகையும் ஓட்டலாம்" என்று பால்காரன் வரைக்கும் பீற்றிக்கொண்டார். பின்பக்கத்தில் இரண்டு பேர் படுக்க ஒரு அறை. அதற்குக் கதவு. கதவுக்குத் தாழ்ப்பாள். எனக்குப் படத்தில் வேறு எதுவும் கண்ணில் படவில்லை.

படம் மாமியார் கைக்குப் போனது. அடுப்புக்குப் பக்கத்தில் கக்கூஸா என்று அதைப் படகின் மூக்குக்குத் தள்ளினார். சுவாமிக்கு ஒரு மாடம், ஊறுகாய் ஜாடி உருளாமல் நிற்கக் குழி வெட்டிய பலகை. படகு சாய்ந்தாலும் அடுப்பு சாயாமல் வளையத்தில் தொங்கும் என்று இவர் சொன்னதை மட்டும் மெச்சினார். கடைசியில் விரல் என் கதவில் வந்து நின்றது.

"இது எதுக்குடா? அத்தை குளிச்சுட்டு மடியா, யார் மேலயும் படாம போக வர வேண்டாமா? கதவுல இடிச்சுண்டு நிப்பாளா?"

ஹைகோர்ட்டில் ஜட்ஜையே மடக்குகிற மனுஷன் "சரிம்மா" என்று அழித்தார். அந்த ரப்பரைப் பிடுங்கி அவர் வாயில் திணிக்கலாமா என்று எனக்கு ஆத்திரம். அன்றிலிருந்து காபியை நீட்டினேன், வாயைத் திறக்கவில்லை.

அடையாற்றங்கரைச் சவுக்குத் தோப்பில் படகு எழுந்தது. முடிகிற சமயத்தில் குடும்பத்தோடு பார்க்கப் போனோம். கட்டிய மேஸ்திரி சாந்தோம்காரர்.

"ரூம்பு கீது, வாசக்காலு கீது, கதவு மட்டும் வாணாமாம். இன்னா கணக்குமா இது?" என்றார் என்னிடம். வாசற்காலைப் பார்க்கப் பிடிக்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். எஞ்சின் பள்ளத்தை மூடியிருந்த நீளப் பலகையைப் பார்த்தேன். அதில் பளபளவென்று பித்தளைத் தாழ்ப்பாள்.

"எஞ்சினுக்கு எதுக்குத் தாழ்ப்பா? ஓடிப்போயிடுமா?" என்று மேஸ்திரியைக் கேட்டேன், இவரோடுதான் பேச்சு இல்லையே. மேஸ்திரி இவரைப் பார்த்தார். இவர் சவுக்கு மரத்தைப் பார்த்தார்.

வெள்ளோட்டத்துக்கு ஞாயிற்றுக்கிழமை. ஆற்றில் தண்ணீர் சாயங்காலம்தான் ஏறும் என்று இவருக்கு நன்றாகத் தெரியும். ஆனால் ஞாயிறு சாயங்காலம் ராகு காலம். காலையில் முகூர்த்தம் என்றது மாமியாரின் பஞ்சாங்கம், காலையில் ஆறு வடிந்துகொண்டிருந்தது. "தண்ணி..." என்று ஆரம்பித்தவர், "சரிம்மா" என்று முடித்தார். தேங்காய் உடைத்து, படகைத் தள்ளி, மொத்தக் குடும்பமும் ஏறிக்கொண்டது. முகத்துவாரம் வரைக்கும்கூடப் போகவில்லை, மணலில் உட்கார்ந்துவிட்டது. எஞ்சினை முடுக்கினார், சேறு கிளம்பியது. பாயை ஏற்றினார், படகு ஒரு பக்கமாகச் சரிந்தது. ஓரகத்திகள் இருவரும் ஒருவர் மடியில் ஒருவர் விழுந்தார்கள். அடுப்பு மட்டும் சொன்னபடி நேராகத் தொங்கியது, சர்க்கரைப் பொங்கல் ஒரு துளி சிந்தவில்லை. அதைச் சரிந்தபடியே சாப்பிட்டோம்.

வெயில் ஏறியதும் மாமியார் எழுந்தார். கட்டுமரத்துக்காரர் ஒருவர் கரையில் விடுகிறேன் என்று வந்தார். மடி போய்விடும் என்று அதில் ஏற மறுத்து, புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு முழங்கால் தண்ணீரில் இறங்கினார். பின்னாலேயே எல்லோரும் வரிசையாக இறங்கினார்கள்.

"நீயும் வா" என்றார் என்னிடம். இறங்குவதற்குக் காலைப் படகின் ஓரத்தில் வைத்துவிட்டேன்.

"அவ இருக்கட்டும்மா" என்றது ஒரு குரல். யாருடையது என்று நானே திரும்பிப் பார்த்தேன். "படகுக்கு ரெண்டு பேர் வேணும்."

"ஒருத்தனே ஓட்டலாம்னு ஊரெல்லாம் சொல்லிண்டிருந்தியே?"

"அது கடல்ல. மணல்ல ரெண்டு பேர்."

மாமியார் அவரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிறகு புடவையை இன்னும் கொஞ்சம் தூக்கிச் செருகிக்கொண்டு கரையை நோக்கி நடந்தார். ஜட்கா வண்டிகள் மயிலாப்பூர்ப் பக்கம் திரும்புகிற வரைக்கும் நாங்கள் இருவரும் அசையவில்லை.

அப்புறம் இவர் குனிந்து எஞ்சின் மூடியைத் தூக்கினார். அதன் ஓரத்தில் கீல்கள் இருந்தன. பின்னறை வாசற்காலில் கொண்டுபோய் மாட்டினார்; இழைத்துச் செய்தது போலப் பொருந்தியது. அதற்காகத்தான் இழைத்திருந்தார்கள். எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

"முன்னாலேயே சொல்றதுக்கென்ன?" என்றேன்.

"நீதான் பேசலையே."

சாயங்காலம் தண்ணீர் ஏறியது, சரியாக ராகு காலத்தில். படகு தானாக நிமிர்ந்து, நங்கூரக் கயிற்றில் மிதந்தது. எஞ்சின் மூடியில்லாமல் திறந்து கிடந்தது. யாரும் அதைக் கிளப்பப் போகவில்லை.